ஈசானி மூலைக் கல்

பேய் பயம் மட்டும் எனக்கு இருந்ததே இல்லை. மற்ற எல்லாப் பயமும் உண்டு. அடுப்பை அணைத்தேனா, கதவைப் பூட்டினேனா, கடைசி பஸ் போயிருக்குமா என்று நாள் முழுக்க மனசு அடித்துக்கொண்டே இருக்கும். எதற்கும் இருக்கட்டும் என்று தாலிக்கொடியில் எப்போதும் நாலைந்து ஊக்கு மாட்டியிருப்பேன். ஏழாவதோடு பள்ளிக்கூடத்தை விட்டவள்தான் நான், ஆனாலும் செத்தவர்கள் வருவார்கள் என்று யாராவது ஆரம்பித்தால் எழுந்து போய்விடுவேன். வருவதாக இருந்தால் எங்கள் செல்வி வந்திருக்க வேண்டுமே. மூன்று வயதில் காய்ச்சலில் போனாள். வரவில்லை. அதனால் நம்பவில்லை. இப்போது நான் சொல்லப்போவதை நீங்களும் நம்ப வேண்டாம், கேட்டுக்கொண்டால் போதும்.

அப்போது அஸ்தினாபுரத்தில் வாடகைக்கு இருந்தோம். எங்கள் வீட்டுக்காரருக்குக் குரோம்பேட்டையில் லேத் பட்டறையில் வேலை. செல்வி போன மறுவருஷம், தாம்பரத்துக்குக் கிழக்கே வற்றிப்போன ஏரிக்குள், கரையை ஒட்டிப் போட்டிருந்த லே-அவுட்டில் அரை கிரவுண்ட் வாங்கினோம். கரண்ட் கம்பம் கிடையாது, வீடு ஒன்றுகூடக் கிடையாது. முதல் தெரு, இரண்டாவது தெரு என்று போர்டு, மஞ்சள் பெயின்ட் அடித்த கல், கோரைப்புல், அவ்வளவுதான். அந்தக் காலத்தில் மனை வாங்கியவர்கள் எல்லாரும் ஞாயிற்றுக்கிழமையானால் சோறு கட்டிக்கொண்டு போய்த் தங்கள் கல்லைப் பார்த்துவிட்டு வருவார்கள். யாராவது பிடுங்கித் தள்ளி நட்டுவிடுவார்களோ என்று பயம். என்னைப்பற்றிச் சொல்லவே வேண்டாம்.

அங்கே முனியம்மா என்று ஒரு அக்கா எருமை மேய்ப்பார். அவர்கள் குடும்பம் விற்ற நிலம்தான் அது. எங்களைக் கண்டாலே நக்கல்தான். "இன்னாம்மா, கல்லுக்குச் சோறு ஊட்ட வந்துகீறியா? போன வாரத்துக்கு இன்னும் கொஞ்சம் வளந்துகீது பாரு" என்பார். ஆனால் ஒன்றை மட்டும் சிரிக்காமல் சொல்வார், விளக்கு வைக்கிற நேரத்துக்கு முன்னால் கரைக்கு ஏறிவிட வேண்டும் என்று. "ஏரி இல்லன்னு நீங்க நெனச்சுகினுகீறீங்க. அது அப்டி நெனைக்கல." கன்றைத் தேடி இறங்கிய அவருடைய கொழுந்தனே திரும்பவில்லையாம். பாம்புக்குப் பயந்து சொல்கிறார் என்று நான் எடுத்துக்கொண்டேன்.

அந்த ஞாயிற்றுக்கிழமை எங்கள் வீட்டுக்காரர் ஈசானி மூலைக் கல்லுக்குப் பக்கத்தில் உட்கார்ந்தவர் எழுந்திருக்கவே இல்லை. நான் நச்சரித்து நச்சரித்துக் கிளப்புவதற்குள் பொழுது இறங்கிவிட்டது. கரையைப் பார்த்து நடந்தோம். இரண்டாவது தெரு போர்டைத் தாண்டினோம், கொஞ்ச தூரம் போனால் மறுபடியும் இரண்டாவது தெரு. மறுபடியும் அதே. கல் மட்டும் வரிசை வரிசையாகக் கண்ணுக்கு எட்டுகிற வரைக்கும் போகிறது, கரையைக் காணவில்லை. காற்றே இல்லை, ஆனால் கோரை மொத்தமும் ஒரு பக்கமாகச் சாய்ந்திருந்தது. காலுக்குக் கீழே குடத்தில் தண்ணீர் அலம்புகிற மாதிரி சத்தம்.

அப்புறம் வீடுகள். நம்பினால் நம்புங்கள், இரண்டு பக்கமும் வீடுகள், எல்லாவற்றிலும் விளக்கு எரிகிறது, கம்பமும் இல்லை, ஒயரும் இல்லை. வாசலில் ஆட்கள் நின்றார்கள். முழங்காலுக்குக் கீழே கோரை மறைத்திருந்தது. ஒருவரும் எங்களைத் திரும்பிப் பார்க்கவில்லை.

கடைசி வீடு எங்களுடையது. எப்படித் தெரியும் என்றால், காலண்டர் பின்பக்கத்தில் இவர் வரைந்து வைத்திருந்த மயில் போட்ட ஜன்னல் கிரில், அதே பச்சை. மொட்டை மாடிக் கொடியில் ஒரு கவுன் காய்ந்தது. ஐந்து வயதுப் பிள்ளைக்கான கவுன். செல்வி இருந்திருந்தால் அப்போது ஐந்துதான். உள்ளேயிருந்து "அப்பா" என்று ஒரு குரல். அம்மா என்று கூப்பிடவில்லை.

இவர் போய் இடது காலைப் படியில் வைத்தார். படி தயிர் மாதிரி வாங்கிக்கொண்டது, முழங்கால்வரை. இவருக்கு அது தெரியவே இல்லை. நான் ஓடிப்போய்ச் சட்டையைப் பிடித்து இழுத்தேன்.

"வுடுடி. கொலுசு சத்தம் கேக்கல உனக்கு?"

எந்தக் கொலுசு என்று கேட்டேன். கல் நடும்போது ஈசானி மூலைக் குழியில் நவதானியம் போடுவோம் இல்லையா, அதோடு செல்வியின் ஒற்றைக் கொலுசையும் எனக்குத் தெரியாமல் போட்டிருக்கிறார். வீடு எழும்பப்போகிற மண்ணில் செத்த பிள்ளையின் பொருளை யாராவது வைப்பார்களா? "அவளுக்கும் அந்த வூட்ல ஒரு எடம் வோணும்ல" என்றார்.

எனக்கும் கேட்டது. சத்தியமாகக் கேட்டது. ஆனாலும் இடுப்பைக் கட்டிக்கொண்டு இழுத்தேன். என் தாலிக்கொடி அவர் சட்டைப் பொத்தானில் மாட்டி, இரண்டு பேரும் மல்லாந்து விழுந்தோம். அந்த நேரம் முனியம்மா எருமையை அதட்டுகிற குரல் கேட்டது. திரும்பிப் பார்த்தால் பத்தடியில் கரை. வீடும் இல்லை, விளக்கும் இல்லை. இவருக்குத் தொடைவரை சேறு, இடது கால் செருப்பைக் காணோம். வீட்டுக்கு வந்து பார்த்தால் என் கொடியில் ஒரு ஊக்குகூட இல்லை. அதையெல்லாம் அப்போது யார் நினைத்தார்கள்.

அதற்கப்புறம் அவர் செருப்பே போடவில்லை, பட்டறைக்கும் வெறுங்காலோடுதான் போனார். ஒரே ஒரு தடவை, உனக்கும் கேட்டதா என்று கேட்டார். கேட்டது என்றேன்.

அங்கே கரண்ட் வந்து, அக்கம்பக்கத்தில் வீடுகள் எழும்பி, நாங்களும் அஸ்திவாரம் தோண்டியபோது செல்விக்குப் பத்து வயது ஆகியிருக்கும். தோண்டிய ஆள் என்னைக் கூப்பிட்டு, "அக்கா, இத்த வந்து பாரேன்" என்றான். ஈசானி மூலையில் இடுப்பளவு ஆழம், மண்வெட்டி படாத ஏரிக் களிமண். அதில் இவருடைய இடது செருப்பு. பக்கத்திலேயே ஒரு ஜோடி சின்ன ரப்பர் செருப்பு, வாசலில் கழற்றி விட்ட மாதிரி. கொலுசு இல்லை. அந்தச் சின்னச் செருப்பு மூன்று வயதுப் பிள்ளையுடையது இல்லை. பத்து வயதுப் பிள்ளை போடுகிற அளவு. குதிகால் தேய்ந்திருந்தது.

நான் அதை எடுத்து முந்தானையில் கட்டிக்கொள்ளப் போனேன்.

"வெச்சுடு விஜி" என்றார் இவர். "அவ போட்டுக்க வோணாமா?"

குழியை மூடச் சொல்லிவிட்டோம். இன்றுவரை வீடு கட்டவில்லை. அவரும் போய்ச் சேர்ந்துவிட்டார். சுற்றிலும் மாடி வீடுகள், நடுவில் எங்கள் மனை மட்டும் முள்வேலியோடு கிடக்கிறது. புரோக்கர்கள் வருகிறார்கள், விற்கிற மாதிரி இல்லை என்று அனுப்பிவிடுவேன்.

அன்றைக்கு அந்தச் செருப்பைக் கையில் எடுத்தபோது பார்த்ததைத்தான் இன்னும் என்னால் மறக்க முடியவில்லை. வலது செருப்பில் வார் அறுந்திருந்தது. அறுந்த இடத்தில் ஊக்கு குத்தியிருந்தது. அத்தனை வருஷம் ஈரக் களிமண்ணில் கிடந்தும் ஒரு பொட்டுத் துரு இல்லை. இப்போது அவளுக்குக் கால் எவ்வளவோ வளர்ந்திருக்கும். அந்த ஒரு ஊக்கை வைத்துக்கொண்டு என்ன செய்கிறாளோ.