விசாரணையில் இருந்தவர்

ஃப்ரிபூர்க் என்ற சுவிஸ் நகரத்தில் வேலை பார்த்த நாட்களில், பழைய ஜப்பானியப் படங்கள் காட்டிய ஒரு சிறிய திரையரங்கில் அவரைப் பார்த்தேன். ஐம்பது வயதிருக்கும். ஒட்ட வெட்டிய நரைமுடி, கழுத்துவரை இழுத்துப் பூட்டிய ஜாக்கெட். ஓரிடத்தில் உட்கார அவரால் முடியவில்லை. வரிசை வரிசையாக இடம் மாறிக்கொண்டே இருந்தார்.

படத்தில், புரட்சி செய்யப் புறப்பட்ட மாணவர்கள் தங்கள் தோழன் ஒருவனைச் சுற்றி நின்று, துரோகம் செய்ததாக ஒப்புக்கொள்ளச் சொல்லி விசாரித்தார்கள். யாரும் கத்தவில்லை. அப்போது அவர் என் பக்கத்து இருக்கைக்கு வந்திருந்தார். அவர் மூச்சு வாங்குவது எனக்குக் கேட்டது.

படம் முடிந்து வெளியே வந்ததும், "தம்பி தமிழோ?" என்று ஈழத் தமிழில் கேட்டார். ஊர் சென்னை என்றேன்.

"தங்கட ஆக்கள் செய்ததையே ஜப்பான்காரன் படமா எடுத்துப்போட்டான். எங்கட ஆக்கள் எடுக்கமாட்டினம்."

"நீங்களும் இயக்கத்துல இருந்தீங்களா சார்?"

"ஓம். இப்பிடி விசாரணையிலையும் இருந்தனான்."

தயக்கத்தோடு, "விசாரிச்சவங்க பக்கமா?" என்றேன்.

"முதல்தரம் ஓம். ரெண்டாந்தரம் நடுவிலை நிண்டது நான்."

"முதல்தரம் நடுவுல நின்னவர் என்ன ஆனார்?"

அவர் சாலையைப் பார்த்தார். "பஸ் வருது. வாறன் தம்பி."

பஸ் எதுவும் வரவில்லை. அவர் இறக்கத்தில் வேகமாக நடந்து போய்க்கொண்டிருந்தார். அதன்பின் அவரை நான் பார்க்கவில்லை. விசாரித்தவரிடம் பேசினேனா, விசாரிக்கப்பட்டவரிடம் பேசினேனா என்பது இன்றுவரை எனக்குப் பிடிபடவில்லை.