வேல்ஸ் அங்கிள் விருந்தை விட்டுப் போன நாள்

சிட்னியின் கிரவீனில் எங்கள் பக்கத்து வீட்டுக்காரர் ஒரு காலத்தில் வேல்ஸ் நாட்டு அணிக்கு றக்பி ஆடியவர். நாங்கள் அவரை வேல்ஸ் அங்கிள் என்போம். முழங்கால் இரண்டும் பழுதாகி, மூக்கும் கோணலாகிப் போயிருந்தது. எனக்கு அப்போது எட்டு வயது. பள்ளிக்கூடம் விட்டு வந்ததும் வேலிக்கு மேலால் பந்தை எறிவார், நான் பிடிப்பேன். பெண்பிள்ளைக்கு இது என்னத்துக்கு என்று அம்மா முணுமுணுப்பார்.

அவருடைய கதையை அப்பாவுக்குத் தமிழில் சொன்னது நான்தான். றக்பியில் இரண்டு சாதி. பதினைந்து பேர் ஆடுவது யூனியன், பதின்மூன்று பேர் ஆடுவது லீக். அந்தக் காலத்தில் யூனியனில் சம்பளம் கிடையாது, லீக்கில் உண்டு. ஆனால் லீக்குக்குப் போனவனை யூனியன்காரர் பிறகு அண்டவிடமாட்டார்கள். சுரங்கத்தில் வேலை செய்துகொண்டிருந்த அங்கிள் சம்பளத்துக்காக இங்கிலாந்துக்கு லீக் ஆடப் போனார். அடுத்த முறை ஊருக்கு வந்தபோது, அவரை வளர்த்த கிளப்பின் வாசலிலேயே மறித்துவிட்டார்கள். மறித்தவர்களில் பெற்ற தகப்பனும் ஒருவர். லீக் ஆட சிட்னிக்கு வந்தவர் அதற்குப் பிறகு ஊருக்குப் போகவேயில்லை.

அப்பா கொதித்துப்போனார். "ஆட்டம் மாறினது ஒரு குற்றமே? பெத்த பிள்ளையை வாசல்ல மறிச்சவன் மனிசனே?" அன்றிலிருந்து எங்கள் வீட்டு மீன்குழம்பு வாரம் தவறாமல் வேலி தாண்டியது.

எனக்குக் கோவிலில் முதல் நன்மை, அதாவது முதல் நற்கருணை, கொடுத்த ஞாயிற்றுக்கிழமை, விருந்துக்கு முதலில் கூப்பிட்டதும் அவரைத்தான். கூப்பிடாமல் வந்தவர் அத்தை, அப்பாவின் ஒரே தங்கை. மன்னாரில் கத்தோலிக்கராகப் பிறந்தவர், மெல்பேர்னுக்கு வந்தபின் ஒரு பெந்தகோஸ்தே சபையில் சேர்ந்துவிட்டார். ஐந்து வருடமாக அப்பா அவரோடு கதைப்பதில்லை. என் விருந்தைச் சாட்டி எப்படியாவது அண்ணனோடு ஒன்றாகிவிட வேண்டும் என்று, மெல்பேர்ன் நோபல் பார்க்கிலிருந்து இரவு முழுக்க பஸ்ஸில் வந்திருந்தார்.

எங்கள் வீட்டில் விருந்துக்கு முன் மடுமாதா சுரூபத்தின் முன்னால் எல்லோரும் முழந்தாளிட்டுச் செபம் சொல்ல வேண்டும். அத்தையின் சபையில் சுரூபத்துக்கு முழந்தாளிடக் கூடாது. அவர் நின்றபடியே தலையைக் குனிந்தார். அப்பா செபத்தைப் பாதியில் நிறுத்தினார்.

"மாதாவுக்கு முன்னால முழந்தாள் படியிட்டாத்தான் இந்த வீட்டில சாப்பாடு. இல்லாட்டி வந்த பஸ்ஸிலயே போகலாம்."

"அண்ணை, நான் பிள்ளையைப் பாக்கத்தான் வந்தனான்," என்றார் அத்தை. அப்பா முகத்தைத் திருப்பிக்கொண்டார். அத்தை வெளியே போய்த் தபால்பெட்டிக்குப் பக்கத்து மதிலில் இருந்தார்.

என்ன நடந்தது என்று அங்கிள் என்னிடம் ஆங்கிலத்தில் கேட்டார். அத்தை சேர்ச் மாறிவிட்டார், அதனால் சாப்பாடு இல்லை என்று, வீட்டுச் சட்டம் தெரிந்த பெருமையோடு சொன்னேன். அவர் அப்பாவைக் கொஞ்சநேரம் பார்த்தார். பிறகு இரண்டு சாப்பாட்டுக் கோப்பைகளில் புரியாணி போட்டுக்கொண்டு, அந்த முழங்கால்களோடு படியிறங்கிப் போய், அத்தைக்குப் பக்கத்தில் இருந்து சாப்பிட்டார். பஸ் நிலையத்துக்கும் தன் காரிலேயே அவரைக் கொண்டுபோய் விட்டார்.

"வெள்ளைக்காரனுக்கு எங்கட விசயம் விளங்காது," என்றார் அப்பா. வந்திருந்தவர்கள் தலையாட்டினார்கள். அத்தனை பேரிலும் விளங்கியது அவர் ஒருவருக்குத்தான் என்பதை நினைத்தால் இன்றைக்கும் வாய் கசக்கிறது.

எனக்கோ, கேக் வெட்டும்போது அவர் பக்கத்தில் இல்லையே என்பதுதான் ஆத்திரம். என்னை விட்டுவிட்டு அத்தை பக்கம் போய்விட்டார்! மறுநாள் வேலிக்கு மேலால் கூப்பிட்டபோது, காதில் விழாதமாதிரி உள்ளே போனேன். அடுத்த நாளும் அப்படியே. மீன்குழம்பும் நின்றுபோனது.

சில மாதம் கழித்து, குவீன்ஸ்லாந்திலிருந்த மகள் அவரைத் தன்னோடு அழைத்துப்போக வந்தாள். அவர் தடியை ஊன்றிக்கொண்டு எங்கள் வீட்டுக்கு வந்து, என்னிடம் சொல்லிவிட்டுப் போக வேண்டும் என்றார். அம்மா இரண்டு தரம் கூப்பிட்டார். நான் அறையை விட்டு அசையவில்லை.

"விடு, அவள் வரமாட்டாள். ரோசக்காரி. என்ர பிள்ளையெல்லே," என்று அப்பா சொல்வது கேட்டது.

எனக்கு உச்சி குளிர்ந்தது. அப்பா என்னைப் பற்றி அவ்வளவு பெருமையாகப் பேசி நான் அதுவரை கேட்டதில்லை.