கவர்னி மலைச்சுவரின் முன்னால் ரீட்டா

தொண்ணூறுகளின் நடுவில் ஒரு யூன் மாதம், நாங்கள் புலம்பெயர்ந்து வாழும் வால்தம்ஸ்டோவில் எங்கள் தேவாலயப் பங்குத் தமிழர்கள் சேர்ந்து கோச் பஸ் பிடித்து லூர்து மாதாவிடம் போனோம். என் மனைவி ரீட்டாவின் தாய் மன்னாரில் போரால் இடம்பெயர்ந்து எங்கே இருக்கிறார் என்று மாதக்கணக்கில் தெரியவில்லை. மாதாவிடம் கேட்கத்தான் அவள் புறப்பட்டாள். மலை பார்க்கும் எண்ணம் எங்கள் இருவருக்குமே இல்லை.

கோச்சைக் கப்பலில் ஏற்றி, பிரான்ஸை நீளவாக்கில் கடந்து லூர்து சேர ஒரு முழு நாள் ஆனது. அங்கே இரண்டு நாளும் ரீட்டா மாதாவின் குகைக் கெபியின் முன்னால் முழந்தாளில் இருந்தாள். சாப்பாடு இறங்கவில்லை. மூன்றாம் நாள் ஐம்பது கிலோமீற்றர் தள்ளியிருக்கும் கவர்னிக்கு எங்களைக் கூட்டிப்போனார்கள். "நான் வரேல்லை, நீங்கள் போங்கோ" என்றவளை நான்தான் வற்புறுத்தி ஏற்றினேன்.

கவர்னி, ஸ்பெயின் எல்லையோரம் பிரெனே மலைத்தொடருக்குள் இருக்கும் சின்னக் கிராமம். அங்கிருந்து ஆற்றோரமாக ஒரு மணி நேரத்துக்கும் சற்று அதிகமான நடை. (நடக்க முடியாதவர்களுக்கு வாடகைக் குதிரை உண்டு. நான் வீறாப்பாக வேண்டாம் என்றுவிட்டேன்!) அன்று நல்ல மூடுபனி. பாதி வழியில் எனக்கு மூச்சு வாங்கியது.

"கொஞ்சம் நில்லும், ரீட்டா."

"நீங்கள் இருந்து வாங்கோ. நான் மெல்ல நடக்கிறன்."

அவளுடைய சிவப்புக் கோட் பனிக்குள் மறைந்தது. பாதை முடியும் இடத்தில் ஒரு பழைய ஹோட்டல். எங்கள் ஆட்கள் எல்லாரும் அங்கே தேத்தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தார்கள். ரீட்டாவைக் காணவில்லை.

"அவ இஞ்சை நிக்கேல்லைத் தம்பி, அங்கால போயிட்டா" என்றார் எங்களோடு வந்த சூசை அண்ணை.

ஹோட்டலுக்கு அங்கால் வெறும் கல்லும் உறைபனியும். கத்திக் கூப்பிட்டேன். அருவிச் சத்தம் மட்டுமே கேட்டது. கற்களைப் பிடித்துப் பிடித்து ஏறினேன்.

அப்போதுதான் மூட்டம் விலகியது. வானம் இருக்கவேண்டிய இடத்தில் பாறை இருந்தது. கழுத்தை எவ்வளவு நிமிர்த்தியும் அது முடியவில்லை. அரைவட்டமாக என்னைச் சூழ்ந்து, ஆயிரத்தைந்நூறு மீற்றர் உயரத்தில் ஒரே சுவர். நானூறு மீற்றருக்கும் மேலிருந்து விழும் அருவி அதில் ஒரு நூல்போலத் தெரிந்தது. அதன் அடியில் சிவப்பாக ஒரு புள்ளி அசைந்தது. அதைக் கண்ட பிறகுதான் அந்த மலையின் அளவு எனக்கு உறைத்தது.

அரை மணி நேரம் கழித்து அவளிடம் போய்ச் சேர்ந்தேன். முகமெல்லாம் சாரல்.

"கூப்பிட்டனான், கேக்கேல்லையோ?"

"இல்லை." பிறகு மெதுவாகச் சொன்னாள்: "அம்மாவுக்காண்டிச் செபிப்பம் எண்டுதான் வந்தனான். இதைப் பாத்தாப்பிறகு ஒண்டும் கேக்கத் தோணேல்லை. சும்மா நிண்டுகொண்டிருக்கிறன்."

நானும் பக்கத்தில் நின்றேன். கொஞ்ச நேரத்தில் "பசிக்குது" என்றாள். பையிலிருந்த பாண் முழுவதையும் அவளே சாப்பிட்டு முடித்தாள்.

அந்த மார்கழியில், ரீட்டாவின் தாய் மடு மாதா கோயிலில் பத்திரமாக இருப்பதாகத் தகவல் வந்தது. ரீட்டா அதை மாதா செய்த புதுமை என்பாள். நான் மறுப்பதில்லை. பிறகு அல்ப்ஸ் மலைகளுக்கும் போனோம். கவர்னியில்போல எங்கும் எனக்கு உடம்பு சில்லிட்டதில்லை.

போகிறவர்கள் யூனிலும் குளிருடுப்பு, மழைக்கோட், நல்ல சப்பாத்து கொண்டுபோங்கள். மூடுபனி என்றால் தனியாகப் பிரியாதீர்கள். பெரும்பாலானோர் ஹோட்டலடியில் படம் எடுத்துவிட்டுத் திரும்பிவிடுகிறார்கள். நீங்கள் திரும்பாதீர்கள். அருவியடிவரை போய், வாயை மூடிக்கொண்டு கொஞ்ச நேரம் நில்லுங்கள்.