சூடம் அணைஞ்சது, கை அடங்கல

கோர்ட்டு மொழிபெயர்ப்பாளர் வேலை விசித்திரமானது. சாட்சி “என்னை அடித்தான்” என்றால் நாமும் “என்னை அடித்தான்” என்றே மலாய் மொழியில் சொல்ல வேண்டும். அந்தக் கணக்கில், எண்பதுகளில் மலேசியாவின் ஈப்போ மாஜிஸ்திரேட் கோர்ட்டில் நான் வாங்காத அடியே கிடையாது. வாயை வாடகைக்கு விட்டுப் பிழைக்கும் மற்றவர்களுக்கு என் வயிற்றெரிச்சல் புரியும். ஆனால் தனபாக்கியம் அம்மாவின் வழக்கை நினைத்தால் மட்டும் இன்றைக்கும் நெஞ்சு நிமிர்கிறது.

லாக்கப்புக்கு நாசி லெமாக்

காம்பார் பக்கம் ஒரு ரப்பர் தோட்டத்தில் பால்மரம் சீவி, அந்த உழைப்பில் ஈப்போவில் தன் பெயருக்கே சின்ன வீடு வாங்கியவர் அந்த அம்மா. கணவர் போன பிறகு மகன் முருகையா வீட்டுச் சாவியைப் பிடுங்கிக்கொண்டு, பெற்றவளை அடுப்படிக்குப் பின்னால் இருந்த ஸ்டோருக்குள் படுக்க வைத்தான். கேட்டதற்குக் கையை முறித்தான். வீட்டுக்குள் நடக்கும் அடிக்கென்று அப்போது தனிச் சட்டம் ஏது? தெருச் சண்டைக்கான சட்டம்தான். அதில்தான் பிடித்து வந்திருந்தார்கள்.

முதல் நாள், கையில் மாவுக்கட்டோடு வந்த அம்மா, லாக்கப்பில் இருந்த மகனுக்கு நாசி லெமாக், அதாவது தேங்காய்ப்பால் சோற்றுப் பொட்டலம் கொண்டு வந்திருந்தார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. “கையை முறிச்சவனுக்கா சாப்பாடு?” என்று கேட்டுவிட்டேன்.

“முறிச்சவனுக்குப் பசிக்காதா தம்பி? நல்லா சாப்பிடட்டும். தெம்பா நின்னு பதில் சொல்லட்டும்லா.”

வராந்தாவில் பஞ்சாயத்து

விசாரணை அன்று, ஜாமீனில் வந்த முருகையாவோடு பழைய தோட்டத்துக் கோயில் தலைவரும் வந்துவிட்டார். கையில் தட்டும் சூடமும்! தோட்டத்து வழக்கம் அது. தப்பு செய்தவன் எரியும் சூடத்தை உள்ளங்கையால் அணைத்துச் சத்தியம் செய்வான். அதோடு விவகாரம் முடிந்தது. “வழக்க வாபஸ் வாங்கிடு தங்கச்சி, குடும்ப மானம் போகுது” என்றார் தலைவர்.

அம்மா தலையாட்டினால் அன்று ராத்திரியே திரும்ப அந்த ஸ்டோர்தான். ஆனால் மொழிபெயர்ப்பாளன் யாருக்கும் புத்தி சொல்லக் கூடாது. அம்மா சூடத்தைப் பார்த்தார், மகனைப் பார்த்தார்.

“இவன் இதுவரைக்கும் அணைச்ச சூடத்துக்கு ஒரு கடையே வைக்கலாம் தலைவரே. சூடம்தான் அணைஞ்சது, கை அடங்கல. அம்மன் பாத்தாச்சு, இனி புவான் பாக்கட்டும்.”

யாருக்குத் தண்ணி?

புவான் என்று அவர் சொன்னது மாஜிஸ்திரேட்டை. இளவயது மலாய்ப் பெண்மணி. முருகையாவின் வக்கீல் கெட்டிக்காரர். “ஆஸ்பத்திரியில் நீங்களே குளியலறையில் விழுந்ததாகத்தானே சொன்னீர்கள்?” என்று மடக்கினார். செத்தோம் என்று நினைத்தேன்.

அம்மா அசரவில்லை. “ஆமா, சொன்னேன். அன்னிக்குப் பொய் சொன்னது அவனக் காப்பாத்த. இன்னிக்கு நெசம் சொல்றது என்னைக் காப்பாத்த” என்றார். அதை மலாயில் சொல்ல ஆரம்பித்தேன், பாதியிலேயே தொண்டை அடைத்துவிட்டது. கோர்ட்டே என்னைப் பார்க்கிறது! மாஜிஸ்திரேட் பேனாவைக் கீழே வைத்தார்.

“சாட்சி தெளிவா இருக்காங்க. மொழிபெயர்ப்பாளருக்குத்தான் யாராவது தண்ணி கொடுங்க.”

சாவி

குற்றவாளி என்று தீர்ப்பு. நன்னடத்தை ஜாமீன், மறுபடி கை ஓங்கினால் ஜெயில். வீடு அம்மாவுடையது, அவர் அனுமதி இல்லாமல் மகன் அங்கே தங்க முடியாது என்றும் மாஜிஸ்திரேட் விளக்கினார். நான் தமிழில் சொல்லி முடிப்பதற்குள் அம்மா மாவுக்கட்டு இல்லாத கையை நீட்டிவிட்டார். “சாவியக் குடுடா.”

முருகையா வக்கீலைப் பார்த்தான். வக்கீல் கூரையைப் பார்த்தார். சாவி கைமாறியது. எனக்கு விசிலடிக்க வேண்டும் போலிருந்தது, சத்தியமாக! அம்மா சாவியை முந்தானையில் முடிந்துகொண்டு மகனிடம் சொன்னார்:

“தீபாவளிக்கு வா. வாசல்ல நின்னு கூப்பிடு. நான் தொறந்தா உள்ள வா.”

அன்று ஈப்போ கோர்ட்டில் வந்தவை இரண்டு தீர்ப்புகள், ஒன்று மலாயில், ஒன்று தமிழில். மேல்முறையீடே செய்ய முடியாதது தமிழில் வந்ததுதான்.