பால் நிற்கும் மாத்திரை

ஜீவிபென் பால் சொசைட்டி வரிசையில் நிற்கும்போது யாருடைய கேனில் தண்ணீர் கலந்திருக்கிறது என்று அவளுக்குத் தெரியும். ஊற்றும்போது பால் விழுகிற சத்தமே அவளுக்குப் போதும். கொழுப்பு பார்க்கிற மெஷின் சொல்வதற்கு முன்பே தெரிந்துவிடும். ஆனால் முப்பது வருஷத்தில் ஒருமுறைகூட அவள் யாரையும் காட்டிக்கொடுத்ததில்லை. நாலாம் வகுப்போடு பள்ளியை நிறுத்தியவள். அம்மா இடுப்பு விழுந்து படுத்தபோது வீட்டில் சாணி அள்ள ஆள் வேண்டியிருந்தது, நின்றுவிட்டாள். அதற்குப் பிறகு பேச்சும் கொஞ்சம் கொஞ்சமாக நின்றுபோனது. பார்ப்பது மட்டும் நிற்கவில்லை.

குஜராத்தில் சரோத்தர் பக்கம், போர்சத் டவுனுக்கு ஆறு மைல் தள்ளி அவள் ஊர். கணவன் போய் ஆறு வருஷம். ஒரே மகன் நிமேஷ் வடோதராவில் ஒரு பம்பு கம்பெனியில் வேலை பார்க்கிறான். சனிக்கிழமை இரவு வந்து ஞாயிறு சாயங்காலம் போய்விடுவான். மற்ற நாட்களில் வீட்டில் ஜீவிபென், மருமகள் ஜல்பா, கறவையில் இருக்கிற ஒரே எருமை. ஜல்பா வந்து இரண்டரை வருஷம். குழந்தை இல்லை. வரிசையில் நிற்கிற பெண்கள் கேனைக் கீழே வைத்ததும் முதலில் கேட்பது அதைத்தான். ஜீவிபென் தலையை ஆட்டிவிட்டு முந்தானையை இழுத்துவிட்டுக்கொள்வாள்.

ஹோலி முடிந்த வாரத்தில் எருமையின் பால் குறைந்தது. காலையில் ஆறு லிட்டர் கறந்தது ஐந்தானது, பிறகு நாலானது. அவள் கணக்குப்படி எருமைக்கு ஆறு மாதச் சினை. இவ்வளவு சீக்கிரம் குறையக் கூடாது. தீவனத்தை மோந்து பார்த்தாள். மடியைத் தடவிப் பார்த்தாள். ஒன்றும் பிடிபடவில்லை.

அந்த வாரமே இன்னொன்றையும் பார்த்தாள். திங்கட்கிழமை ராத்திரிச் சாப்பாடு முடிந்து பாத்திரம் கழுவும் முன்னால், ஜல்பா கம்பு தானியம் கொட்டிவைத்த டிரம்மின் பின்னால் போய்த் திரும்பி நின்றாள். கத்தி முனையில் எதையோ சின்னதாக உடைக்கும் சத்தம் கேட்டது. பிறகு ஒரு வாய் தண்ணீர். வியாழக்கிழமை மறுபடியும் அதே இடம், அதே சத்தம். அடுத்த திங்கள், அடுத்த வியாழன். நாலு வாரம் ஜீவிபென் பார்த்தாள். இரண்டுமே நிமேஷ் வீட்டில் இல்லாத நாள்.

புருஷன் இல்லாத நாளாகப் பார்த்து அப்படி என்ன முழுங்குகிறாள்?

கேட்டிருக்கலாம். ஜீவிபென்னுக்குக் கேட்கிற வழக்கம் இல்லை. ஜல்பா மாவு மில்லுக்குப் போன ஒரு காலையில் அவளுடைய தகரப் பெட்டியைத் திறந்தாள். புடவைகளுக்கு அடியில், ஒரு கைக்குட்டைக்குள், நாலே மாத்திரை இருக்கிற குட்டி அட்டை. இரண்டு குழி காலி. மூன்றாவதில் பாதி மாத்திரை. அட்டையின் பின்னால் இங்கிலீஷ் எழுத்து. அவளுக்குக் குஜராத்தி கூட்டி வாசிக்கத் தெரியும், இங்கிலீஷ் தெரியாது. ஆனால் கோலம் போட்ட கை. நாள்காட்டித் தாளைக் கிழித்து ஒவ்வொரு எழுத்தையும் பார்த்துப் பார்த்து வரைந்தாள்.

மறுநாள் பருத்திக்கொட்டைப் பிண்ணாக்கு வாங்கப் போகிறேன் என்று சொல்லி ஷேர் ஆட்டோவில் போர்சத் போனாள். பஸ் ஸ்டாண்டு எதிரே ஒரு மருந்துக்கடை. கூட்டம் குறையும்வரை ஓரமாக நின்றாள். கடைசியில் கடைக்காரரே கூப்பிட்டார்.

"என்னம்மா, ரொம்ப நேரமா நிக்கிறீங்க? வழி கேக்கவா, மருந்து வாங்கவா?"

அவள் தாளை நீட்டினாள். அவர் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிக்கொண்டு வாசித்தார்.

"கேபர்கோலின். அடேயப்பா, எழுத்தை ரங்கோலி மாதிரி போட்டிருக்கீங்க. இது தாய்ப்பாலை நிறுத்துறதுக்கு."

"எதுக்கு நிறுத்தணும்?" என்று கேட்டாள்.

"குழந்தை பொறந்து தவறிப்போயிடும்ல, அப்ப பால் கட்டி வலிக்கும். அப்படிப்பட்ட தாய்க்குக் குடுப்பாங்க. உங்க வீட்ல யாருக்கு?"

அவள் தாளை வாங்கிக்கொண்டு படியிறங்கினாள். பிண்ணாக்கு வாங்க மறந்துவிட்டாள்.

திரும்பும்போது ஆட்டோவில் முதலில் எருமைதான் நினைவுக்கு வந்தது. பால் நிற்கிற மாத்திரை வீட்டில் இருக்கிறது. எருமைக்குப் பால் குறைகிறது. ஜல்பாவுக்கு வடோதராவில் புருஷனோடு இருக்க ஆசை என்பது ஜீவிபென்னுக்குத் தெரியும். எருமை வற்றிவிட்டால் விற்றுவிடலாம், விற்றுவிட்டால் இந்த வீட்டில் என்ன வேலை? தான் முழுங்குகிற மாதிரி காட்டிவிட்டு அந்தப் பாதியைத் தீவனத் தொட்டியில் போடுகிறாளோ? இரண்டு நாள் தீவனத்தைத் தானே கலந்தாள். தொட்டி அருகில் கயிற்றுக்கட்டிலைப் போட்டுப் படுத்தாள்.

"மம்மி, இந்த வெயில்ல ஏன் இங்க? உள்ள ஃபேன் இருக்கே" என்றாள் ஜல்பா.

"காத்து வருது."

காற்றே இல்லை. பாலும் ஏறவில்லை. அப்போதுதான் இரண்டாவது சந்தேகம் வந்தது. முதல் சந்தேகத்தைப் பற்றி யோசித்துக்கொண்டிருந்ததே இதை யோசிக்காமல் இருக்கத்தான் என்று தோன்றியது. குழந்தை பெற்றவளுக்குத்தான் அந்த மாத்திரை. இந்த வீட்டில் ஜல்பா பெறவில்லை. அப்படியானால் எங்கே, எப்போது? கல்யாணத்துக்கு முன்னால் அவள் சூரத்தில் பெரியம்மா வீட்டில் எட்டு மாதம் இருந்தாள் என்று பெண் பார்க்கப் போனபோது யாரோ சொன்னது இப்போது வந்து குத்தியது.

மகனிடம் சொல்ல வாய் வரவில்லை. ஆனால் புதன்கிழமை பக்கத்து ஊரிலிருந்து நாத்தனார் ரேவா வந்தபோது, கடி என்கிற மோர்க்குழம்பைத் தாளித்துக்கொண்டிருந்தவள் ஒரே ஒரு கேள்வி கேட்டுவிட்டாள்.

"ரேவாபென், பொம்பளைக்குப் பால் நிக்கறதுக்கு மாத்திரை உண்டா?"

அண்ணியை 'பாபி' என்று கூப்பிடுகிற ரேவாவுக்கு அது போதும். அரை மணி நேரத்தில் பெட்டி, அட்டை, போர்சத் கடை எல்லாவற்றையும் கறந்துவிட்டாள். சொல்லி முடித்தபோது ஜீவிபென் முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தாள்.

"பாபி, நீ பேசாமடந்தைன்னுதான் இத்தனை நாள் நெனச்சேன். மடந்தை இல்ல, மடச்சி! மொத நாளே எனக்குச் சொல்ல வேண்டாமா?"

"மெதுவா பேசு. உள்ள இருக்கா."

"இருக்கட்டும். இன்னும் எத்தனை நாளைக்கு இருக்கப்போறா? அவ அண்ணனுக்கு நான் போன் போடுறேன். வெள்ளிக்கிழமை நானும் எங்க வீட்டுக்காரரும் வர்றோம். அந்த அட்டையை நடுக்கூடத்துல வெச்சுக் கேப்போம். ஞாயித்துக்கிழமை நிமேஷ் ஊருக்குக் கிளம்பறதுக்குள்ள அவளைக் கூட்டிட்டுப் போயிடணும்."

ரேவா சொன்னால் செய்வாள். அன்றைக்கு ராத்திரி ஜல்பா ரொட்டியில் நெய் தடவி மாமியார் தட்டில் வைத்தாள். ஜீவிபென்னால் அந்த முகத்தைப் பார்க்கவும் முடியவில்லை, பார்க்காமல் இருக்கவும் முடியவில்லை.

வெள்ளிக்கிழமை காலை, ஜீவிபென் சொல்லியனுப்பியிருந்த மாட்டு டாக்டர் மோட்டார் சைக்கிளில் வந்தார். எருமையைத் தடவி, கையை விட்டுப் பார்த்து, சிரித்தார்.

"ஜீவிபென், உங்களுக்கா கணக்கு தப்புச்சு? ஏழரை மாசம் ஆச்சே. பால் குறையத்தான் செய்யும். இன்னும் மூணு வாரம் கறங்க, அப்புறம் வத்த விட்டுடுங்க."

எருமையின் மாதத்தை அவள் ஒருநாளும் தவறவிட்டதில்லை. ஹோலிக்கே ஆறு மாதத்தைத் தாண்டியிருக்கிறது; அதற்குப் பிறகு திங்களையும் வியாழனையும் எண்ணிக்கொண்டிருந்ததில் மாதம் நகர்ந்ததே தெரியவில்லை. அவளுக்கு வெட்கமாக இருந்தது. மனுஷ டாக்டரிடம் கேட்க அவளுக்கு நாக்கு எழாது; இவரிடம் பத்து வருஷமாக மடியையும் காம்பையும் பேசிய பழக்கம். கைகழுவத் தண்ணீர் ஊற்றிக்கொண்டே இடுப்பிலிருந்த தாளை எடுத்துக் காட்டினாள்.

"இது எருமைக்கா சாகேப்?"

"இல்லையே. மனுஷங்களுக்கு."

"பால் நிறுத்தவா?"

"அதுக்கும் குடுப்பாங்க." அவர் நிமிர்ந்து பார்த்தார். "எப்படிச் சாப்பிடுறாங்க?"

"திங்கக்கிழமை பாதி. வியாழக்கிழமை பாதி. எனக்குத் தெரிஞ்சே நாலு வாரமா."

"அப்ப இது பால் நிறுத்தறதுக்கு இல்ல. அதுக்குன்னா ஒண்ணு ரெண்டு நாள்ல முடிஞ்சுடும். இப்படி வாரம் ரெண்டு தடவை மாசக்கணக்கா சாப்பிடறது வேற விஷயத்துக்கு." அவர் கையை உதறினார். "தலைக்குள்ள ஒரு சுரப்பி இருக்கு. பால் ஊறுன்னு உடம்புக்குச் சொல்றது அதுதான். சில பேருக்குப் புள்ளை பெறாமலே அது அதிகமாச் சொல்லும். உடம்பு ஏமாந்து, நாமதான் ஏற்கெனவே பெத்துட்டமேன்னு இருந்துடும். அப்புறம் எங்க கரு தங்கறது? அதை அடக்கத்தான் இந்த மாத்திரை. புள்ளை வேணும்னு சாப்பிடறது ஜீவிபென். நான் மாட்டு டாக்டர். சரியா தெரியணும்னா சாப்பிடறவங்களைத்தான் கேக்கணும்."

அவர் போன பிறகும் ஜீவிபென் செம்பைப் பிடித்தபடி அங்கேயே நின்றாள். ஒரே பேர். மருந்துக்கடைக்காரர் சொன்னால் பெற்றவள் சாப்பிடுவது, மாட்டு டாக்டர் சொன்னால் பெறாதவள் சாப்பிடுவது. யாரை நம்புவது? ஆனால் நாலு வாரமும் எண்ணியது அவள்தானே. அந்த எண்ணிக்கையை அவளால் சந்தேகிக்க முடியவில்லை; அது டாக்டர் சொன்னதோடுதான் பொருந்தியது.

மத்தியானம் ரேவா புருஷனோடு வந்து இறங்கினாள். அவன் கயிற்றுக்கட்டிலில் உட்கார்ந்து பீடி பற்றவைத்தான். ஜல்பா தண்ணீர் கொண்டுவந்து வைத்துவிட்டு அடுப்படிக்குப் போனாள்.

"ம், கொண்டா பாபி அந்த அட்டையை."

ஜீவிபென் யோசித்தாள். உண்மையைச் சொன்னால், "குறை பெண்ணிடம்தான்" என்பது சாயங்காலம் சொசைட்டி வரிசைக்குள் மூன்று ஊருக்குப் போய்விடும். சொல்லாவிட்டால் அண்ணன்காரன் ஞாயிற்றுக்கிழமை ஜீப்போடு வந்து நிற்பான்.

"அது எருமைக்கு" என்றாள்.

"என்னது?"

"எருமைக்கு வாங்கினது. வத்த விடறதுக்கு. ஏழரை மாசம் ஆச்சு."

"மருமக பெட்டியில இருந்துச்சுன்னு நீதானே சொன்ன!"

"நான்தான் வெச்சேன். தகரப் பெட்டியில எலி வராது. வெச்சதையே மறந்துட்டேன். வயசாகுதில்ல."

ரேவா அவளை மேலும் கீழும் பார்த்தாள். "புதன்கிழமை அழுதே. எருமைக்கா அழுதே?"

"ஆமா."

பீடிக்காரன் சிரித்துவிட்டான். "எழுந்திரு ரேவா. எருமை மாத்திரைக்குப் பஞ்சாயத்து பண்ண நான் வேலையை விட்டுட்டு வந்தேன் பாரு."

ரேவா எழவில்லை. "சரி. மருந்து தின்ன எருமைப் பாலை சொசைட்டியில ஊத்தக் கூடாது. இன்னிக்கு நீ ஊத்த மாட்ட?"

"மாட்டேன்."

"நாளைக்கு?"

"வத்த விட்டாச்சு. இனி கன்னு போட்டப்புறம்தான்."

ரேவா சாயங்காலம் வேண்டுமென்றே சொசைட்டி வாசலில் நின்றுவிட்டுத்தான் பஸ் ஏறினாள். ஜீவிபென் போகவில்லை. மூன்று வாரப் பால் போனது போனதுதான். ரேவா நம்பினாளா என்பது வேறு; அண்ணன்காரனுக்கு மறுபடி போன் போட்டு வர வேண்டாம் என்று சொல்லிவிட்டாள் என்று பிறகு தெரிந்தது.

அன்றைக்குக் கறந்த பாலை ஜல்பா பெரிய வாணலியில் ஊற்றிச் சுண்டக் காய்ச்சிக்கொண்டிருந்தாள். அடுப்படியிலிருந்து எல்லாம் கேட்டிருக்கிறாள். கரண்டியை நிறுத்தாமலே கேட்டாள்.

"என் பெட்டியைத் திறந்தீங்களா மம்மி?"

"திறந்தேன்."

"எத்தனை தடவை?"

"ஒரு தடவை."

"உங்க பையனுக்குத் தெரியும். லேடி டாக்டர்கிட்ட கூட்டிட்டுப் போனதே அவர்தான். அம்மா பயந்துடுவாங்க, சொல்லாதேன்னார்." வாணலியின் ஓரத்தில் ஒட்டிய பாலாடையை வழித்துவிட்டாள். "என்னைக் கேட்டிருக்கலாம்ல?"

"எனக்குக் கேக்க வராது."

ஜல்பா அடுப்பைத் தணித்தாள். சுண்டிய பாலில் சர்க்கரை போட்டு இறக்கி, ஒரு கிண்ணத்தை மாமியார் பக்கம் தள்ளிவைத்துவிட்டுப் பின்கட்டுக்குப் போய்விட்டாள்.

திங்கட்கிழமை காலையில் தகரப் பெட்டியில் ஒரு புதுப் பூட்டுத் தொங்கியது. ஜீவிபென் கூட்டிக்கொண்டே அந்தப் பக்கம் போனபோது பார்த்தாள். சாவி ஜல்பாவின் முந்தானை முடிச்சில் இருக்கிறது என்பதும் அவள் கண்ணில் பட்டுவிட்டது. பூட்டியது நியாயம்தான் என்று நினைத்துக்கொண்டு, பெட்டியைச் சுற்றிக் கூட்டிவிட்டு நகர்ந்தாள்.