ஓர் ஒளுவும் கைப்பிடி ஊசியும்

எங்கள் கடற்கரை ஊரில் இப்போது முக்காடு போடச் சொல்லித் தருவது உம்மா இல்லை, போன். நான் சேலை முந்தானையை இழுத்துத் தலையில் போட்டுக்கொண்டே பாதி வயதைத் தாண்டியவள். என் மகளோ துருக்கி மடிப்பு, மலேசியா மடிப்பு என்று ரீல்ஸில் பார்த்துப் பார்த்துக் கட்டுவாள். பள்ளிவாசல் தெருப் பிள்ளைகள் எல்லாரும் ஒரே ரீல்ஸைத்தான் பார்க்கிறார்கள் போல. பின்னாலிருந்து பார்த்தால் யார் வீட்டுப் பிள்ளை என்றே தெரியாது.

அறந்தாங்கியில் சொந்தக்காரர் வீட்டு நிக்காஹ். மணமேல்குடியிலிருந்து ஒரு குடும்பம் அங்கே வருகிறது, என் மகளைச் சும்மா பார்ப்பது போலப் பார்க்க. தொழுகையுள்ள குடும்பம், நான் துஆ கேட்டுக் காத்திருந்த இடம். அதனால் மகள் என் தலையில் கை வைத்தபோது குனிந்து கொடுத்தேன்.

"உம்மா, அவங்க மொதல்ல ஒங்களத்தான் பாப்பாங்க. வீட்டுக்கு வர்ற வரைக்கும் இதுல கை வைக்கக் கூடாது," என்றாள். போனைக் கண்ணாடியில் சாய்த்து வைத்து, நெற்றியை இறுக்கும் குல்லா ஒன்றை மாட்டி, தாடை வரை துணியைச் சுற்றி, ஊசி ஊசியாய்க் குத்தினாள். வலை பின்னுகிறவர்கூட இத்தனை முடிச்சுப் போடமாட்டார்.

அப்புறம்தான் எனக்கு உறைத்தது. தொழ வேண்டுமானால் ஒளு வேண்டும். முகம், கை, கால் கழுவித் தலையைத் தடவ வேண்டும். எங்கள் ஷாஃபி வழியில் சில முடி நனைந்தாலே போதும். அந்தச் சில முடிக்கும் வழிவிடாமல் குல்லா பிடித்திருந்தது. தாடையும் துணிக்குள். காலையில் செய்த ஒளுவையே சாயங்காலத் தொழுகையான அஸர் வரைக்கும் முறியாமல் காப்பாற்றிவிடுவது என்று நிய்யத்து வைத்தேன்.

ஒளு எதனாலெல்லாம் முறியும் என்று மதரஸாவில் மனப்பாடம் செய்தவர்களுக்கு என் பாடு புரியும். ஒதுங்கப் போனாலும் முறியும், காற்றுப் பிரிந்தாலும் முறியும். அதனால் தண்ணீர் குடிக்கவில்லை. தால்ச்சா வாளி வந்தபோது கையால் மறித்தேன். பருப்பை நம்பி அஸரை ஒப்படைக்க முடியுமா? பக்கத்தில் இருந்தவள் எனக்கு என்ன வியாதி என்று பரிவோடு விசாரித்தாள். சாப்பிட்டதும் கண் சொக்கியது. சாய்ந்து தூங்கினால் ஒளு போய்விடுமே என்று நிமிர்ந்தே உட்கார்ந்திருந்தேன். மதியத் தொழுகை லுஹர் தப்பித்தது. அஸருக்குக் கொஞ்ச நேரம்தான் பாக்கி. மணமேல்குடிக்காரர்கள் மட்டும் இன்னும் கண்ணில் படவில்லை.

அந்த நேரம் பார்த்து என் வீட்டுக்காரர் பெண்கள் பக்கத்து வாசலில் நின்று கூப்பிட்டார். போனேன். என்னையே பார்த்துக்கொண்டு நின்றார்.

"என்ன புள்ள, ஆளே அடையாளம் தெரியல," என்று சொல்லி, ஒரு பீடாவை என் உள்ளங்கையில் வைத்து விரல்களை மூடிவிட்டார்.

கணவன் கை பட்டாலும் எங்களுக்கு ஒளு முறியும்.

"கல்யாணமான நாள்லேர்ந்து நாலு பேரு முன்னாடி ஒரு தடவ கையப் பிடிச்சிருக்கீங்களா? இன்னிக்குத்தான் வாய்ச்சுதா?" என்றேன்.

அவருக்கும் முறிந்ததுதான். அவருக்கென்ன, தொப்பியைக் கழற்றினால் தீர்ந்தது. அதற்குள் அஸர் தொழுகைக்குப் பாங்கு சொல்லிவிட்டார்கள்.

மகள் முகமும் மணமேல்குடியும் கண் முன்னே வந்தன. இருந்தாலும் படைத்த ரப்புக்கு முன்னால் ரீல்ஸ் எம்மாத்திரம்? குழாயடிக்குப் போய் ஊசிகளைப் பிடுங்க ஆரம்பித்தேன். கட்டுவதைக் காட்டுகிறவர்கள் யாரும் அவிழ்ப்பதைக் காட்டுவதில்லை. அடுத்த குழாயில் என் வயதுப் பெண்மணி ஒருவர், வாயில் ஊசிகளைக் கவ்விக்கொண்டு அதே மடிப்போடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தார். பிடரியில் எட்டாத ஊசியை நான் அவருக்கு எடுத்தேன். அவர் எனக்கு எடுத்தார். இளைய மகள் கட்டிவிட்டாளாம். பொண்ணோட உம்மா முன்னால் பட்டிக்காடு மாதிரி நிற்காதீர்கள் என்று சொல்லிக் கூட்டி வந்தாளாம். எந்த ஊர் என்று கேட்டேன்.

மணமேல்குடி என்றார்.

சேர்ந்தே தொழுதோம். திரும்பக் கட்ட இருவருக்கும் தெரியவில்லை. முந்தானையை இழுத்துத் தலையில் போட்டுக்கொண்டு வெளியே வந்தோம். என் மகளும் அவர் மகளும் ஒரே மடிப்பில் நின்று எங்களைப் பார்த்த பார்வை இருக்கிறதே.

அவர் என் மகளின் தாடையைத் தொட்டுத் தன் விரல்களை முத்தமிட்டார். பிறகு என் பக்கம் திரும்பினார்.

"ராத்தா, பொண்ணத் தாங்க. ஊசிய நீங்களே வச்சுக்கங்க."

அல்ஹம்துலில்லாஹ் என்று பையிலிருந்த பீடாவை எடுத்து அவருக்குப் பாதி கொடுத்தேன். தான் அன்று என் கையைப் பிடித்ததால்தான் மகளுக்கு இடம் அமைந்தது என்று என் வீட்டுக்காரர் இன்றுவரை ஊரெல்லாம் சொல்லித் திரிகிறார். ஒளுவோடு இருக்கும்போது மட்டும் நான் அவர் பக்கமே போவதில்லை.