மாற்றிச் சொன்ன வாக்கியம்

அம்மா குவைத்துக்கு வேலைக்குப் போன பிறகு, அப்பா தேயிலைத் தோட்டத்தில் இருந்த எங்கள் லயத்து அறையைப் பூட்டிவிட்டு என்னைப் பசறைக்குக் கூட்டிவந்து ஒரு பேக்கரியில் வேலைக்குச் சேர்ந்தார். எனக்கு அப்போது நான்கு வயது. முதலாளி வீட்டார் சிங்களவர்கள். அப்பா மாவு பிசைந்துகொண்டிருக்க, நான் முதலாளியின் மகள்களோடு சாப்பிட்டேன், சண்டை போட்டேன், தூங்கினேன். கனவுகூடச் சிங்களத்தில்தான் வந்தது. அம்மா திரும்பி வரவே இல்லை.

பத்து வயதுக்குள் தோட்டத்து ஆட்கள் என்னைத் தேடி வரத் தொடங்கினார்கள். பொலிஸ், அரசாங்கக் கச்சேரி, ஆஸ்பத்திரி, எங்கே போனாலும் அவர்களுக்காகச் சிங்களம் பேச நான் வேண்டும். அறுபது வயதுப் பெரியவர் "எனக்கு நெஞ்சு வலிக்குது" என்றால், நானும் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு "எனக்கு" என்றே சிங்களத்தில் சொல்வேன். தாதிமார் சிரிப்பார்கள். எனக்கு அது பெருமையாக இருக்கும்.

பதினான்கு வயதில் அந்தப் பெருமை போயிற்று.

லுணுகலைப் பக்கம் இருந்த பெரியப்பாவுக்குச் சீனி வருத்தம், நீரிழிவு. காலில் வந்த புண் கறுத்துப்போய், பதுளையில் ஓர் ஆஸ்பத்திரியில் சேர்த்திருந்தார்கள். பெரியம்மா என்னை வகுப்பிலிருந்தே கூட்டிக்கொண்டு போனார். டொக்டர் என்னைப் பார்த்துச் சிங்களத்தில் நிதானமாகச் சொன்னார். "முழங்காலுக்குக் கீழே காலை எடுக்க வேண்டும். இன்றைக்கே. தள்ளிப்போட்டால் உயிருக்கு ஆபத்து. இதை அவருக்கு விளக்கிச் சொல்."

பெரியப்பா என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார். பெரியம்மா சேலைத் தலைப்பைக் கடித்தபடி நின்றார்.

"புண்ணைச் சுத்தம் பண்ணப் போறாங்களாம் பெரியப்பா. சின்ன ஒப்பரேஷன்தான்."

சொல்லும்போது சிரித்தேன். அந்தச் சிரிப்பு எங்கிருந்து வந்தது என்று இன்றுவரை தெரியவில்லை. "அவ்வளவுதானா?" என்று பெரியம்மா பெருமூச்சு விட்டார். பெரியப்பா சம்மதப் படிவத்தில் கையெழுத்துப் போட்டார்.

"விளங்கியதா அவருக்கு?" என்று டொக்டர் கேட்டார்.

விளங்கிவிட்டது என்றேன்.

டொக்டர் போனதும் பெரியம்மா எனக்குத் தின்ன ஒரு பணிஸ் ரொட்டி வாங்கித் தந்தார். அதைக் கையிலேயே வைத்துக்கொண்டிருந்தேன். ஒரு தாதி வந்து பெரியப்பாவின் உடுப்பை மாற்றினார். ஆட்கள் தள்ளுவண்டியைக் கொண்டுவந்து கட்டிலோடு ஒட்டி நிறுத்தினார்கள். பெரியப்பா பெரியம்மாவிடம், "சாயந்தரம் மாட்டுக்குப் புல்லு யாரு அறுக்குறது?" என்று கேட்டுக்கொண்டிருந்தார். வண்டி நகர்ந்தது. கதவுக்கு நாலு அடி இருக்கும்போது நான் ஓடிப்போய் வண்டிக் கம்பியைப் பிடித்துக்கொண்டேன்.

"பொய் சொல்லிட்டேன் பெரியப்பா. காலை எடுக்கப் போறாங்க."

பெரியம்மா என்னை அறைந்தார். வார்டே திரும்பிப் பார்த்தது. இரண்டாவது அடிக்கு ஓங்கிய கையைப் பெரியப்பா படுத்தபடியே பிடித்தார்.

"முழங்காலுக்கு மேலயா, கீழயா?"

"கீழ."

"டொக்டரக் கூப்புடு. நா பேசணும்."

டொக்டர் வந்தார். என்னை ஏதும் கேட்கவில்லை, ஆனால் முகம் இறுகிப்போயிருந்தது. பெரியப்பா கேட்ட ஒவ்வொன்றையும் அப்படியே சொன்னேன். டொக்டர் சொன்ன ஒவ்வொன்றையும் அப்படியே திருப்பிச் சொன்னேன். கடைசியில் பெரியப்பா இன்னொரு முறை கையெழுத்துப் போட்டார். காலை எடுத்தார்கள். அவர் பிழைத்தார். பெரியம்மா என்னோடு பேசுவதை நிறுத்திக்கொண்டார். தோட்டத்திலிருந்து அதன் பிறகு ஒருவரும் என்னைப் பேசக் கூப்பிடவில்லை.

பள்ளிக்கூடம் முடிந்ததும் பதுளையில் ஒரு புடவைக் கடை, பிறகு கொழும்பில் இரண்டு மொழியிலும் தொலைபேசிக்குப் பதில் சொல்கிற வேலை என்று ஏழெட்டு வருடம் ஓடியது. அங்கே ஒரு தோழி சொல்லித்தான் ஒரு சினிமாப் பட வேலைக்குப் போனேன். தோட்டத்துப் பெண்ணாக நடிக்கும் சிங்கள நடிகைக்கு எங்கள் தமிழைச் சொல்லிக்கொடுக்க வேண்டும். பண்டாரவளைக்கு மேலே ஒரு தோட்டத்தில் படப்பிடிப்பு. பக்கத்து வீட்டுக்காரியாக நடிக்க வேண்டியவர், மண் சரிந்து பாதை அடைபட்டதால் வரவில்லை. இயக்குநர் என்னைப் பார்த்தார். "வசனம் உனக்குப் பாடம்தானே? நீயே செய்."

வசனம் இதுதான்: "ஒன் மகன் நல்லாத்தான் இருக்கான். பாத்துட்டுத்தான் வாறேன்." கதைப்படி மகன் இறந்துவிட்டான். தாயாக வரும் நடிகைக்கு அது தெரியாது, பக்கத்து வீட்டுக்காரியான எனக்குத் தெரியும்.

ஆறு தடவை எடுத்தார்கள். ஆறிலும் நாக்கு புரளவில்லை. மலைக்குப் பின்னால் வெளிச்சம் இறங்கிக்கொண்டிருந்தது. கேமராக்காரர் கடிகாரத்தைப் பார்த்தார். இயக்குநர் என்னைத் தனியே அழைத்தார்.

"என்ன பயம்?"

"இந்த மாதிரிப் பொய்யை ஒருமுறை சொல்லியிருக்கிறேன்."

"நம்பினார்களா?"

"நம்பினார்கள்."

அவர் இறங்கும் வெளிச்சத்தை ஒருமுறை பார்த்தார். "அன்றைக்கு எப்படிச் சொன்னாயோ, அப்படிச் சொல்."

எனக்கு அவர்மேல் கோபம் வந்தது. அந்தக் கோபத்தோடேயே போய் நின்றேன். நடிகையின் கண்ணைப் பார்த்துச் சிரித்தேன், சொன்னேன். அவள் முகம் அப்படியே தளர்ந்து மலர்ந்தது. இயக்குநர் போதும் என்றதும் லயத்தின் பின்பக்கம் போய் வாந்தி எடுத்தேன்.

அந்த ஒரு காட்சிதான் எனக்கு வேலை தேடித் தந்தது. இப்போது சாட்சிக்காரி, தாதி, பக்கத்து வீட்டுக்காரி என்று நடிக்கக் கூப்பிடுகிறார்கள். பெரியம்மா இன்னும் பேசவில்லை.

அந்தப் படத்தை அப்பாவுக்குப் பேக்கரிக்கே போய் என் கைத்தொலைபேசியில்தான் காட்டினேன். கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு முழுவதும் பார்த்தார். முடிந்ததும் ஒன்று மட்டும் கேட்டார்.

"அந்தப் பொம்பளைக்குக் கடைசியில யாரு வெசயத்தச் சொன்னது?"

"படத்துல அது இல்லப்பா."

"சொல்லியிருக்கணும்" என்று சொல்லிவிட்டு, மாவு பிசையப் போனார்.